கோரிக்கை எண் இரண்டு

ஜனவரி 11

அன்புள்ள தங்கைக்கு,

அண்ணன் எழுதுவது. இங்கு அனைவரும் நலம், அங்கு நீ எப்படி இருக்கிறாய்? முழங்கால் வீக்கம் வடிந்ததா? எனக்கு முதுகுவலி. நாள் முழுக்க அடுத்தவர் வாய்க்குள் குனிந்து பார்க்கும் பல் டாக்டருக்கு வேறென்ன வரும்?

போனில் பேசினால் இரண்டாவது நிமிடத்தில் சண்டை வருகிறது, இனிமேல் கடிதம்தான் என்று நீ சொன்னதை ஏற்றுக்கொள்கிறேன். கடிதத்தில் சண்டை வருவதற்குக் குறைந்தது நான்கு நாளாவது ஆகும்.

உன் அண்ணி நலம். என்னோடு ஒன்பது வருடமாகக் குடித்தனம் நடத்தும் மீசைக்காரனை நீ அண்ணி என்று கூப்பிடுவது கடைத்தெரு முழுக்கத் தெரிந்துவிட்டது. பேக்கரிக்கு வருகிறவர்கள் "அண்ணி இருக்காரா?" என்று கேட்கிறார்கள். அவனுக்கு அதில் ஏகப் பெருமை. விற்காத கேக்கையெல்லாம் தானே தின்று தீர்ப்பதால் அவன் சட்டைப் பித்தான்களுக்குத்தான் ஆபத்து.

சங்கத்தில் இப்போது பதினான்கு பேர். ஞாயிறுதோறும் என் கிளினிக்கின் காத்திருப்பு அறையில், மீன் தொட்டியைச் சுற்றி உட்கார்ந்து பேசுகிறோம். என்னையும் அண்ணியையும் போன்ற ஆண்கள் எட்டுப் பேர். நாய் டாக்டரம்மாவும் அவர் துணைவியும். திருநர் நால்வர்: லாண்டரி வைத்திருக்கும் பெரியக்கா, பஸ் ஓட்டும் நம் டிரைவர் தம்பி, இன்னும் இருவர். இன்ஷூரன்ஸில் ஓய்வுபெற்ற பெரியவர்தான் இன்னமும் தலைவர். நான் செயலாளர்.

நகராட்சிக்கு ஒரு மனு கொடுக்கப் போகிறோம். கோரிக்கை ஒன்று: சேர்ந்து வாழும் எங்களைப் போன்ற ஜோடிகளை ஒரே குடும்பமாகப் பதிவு செய்ய வேண்டும். கோரிக்கை இரண்டு: திருநர் தங்கள் பெயரையும் பாலினத்தையும் பிறப்புப் பதிவேட்டில் மாற்ற ஆஸ்பத்திரிச் சான்று, கோர்ட் உத்தரவு எதுவும் கேட்கக் கூடாது.

இதில் ஒரு சிறு நடைமுறைச் சிக்கல். மனுப் படிவம் ஒரு பக்கம் மட்டுமே. இரண்டு கோரிக்கைகளும் அடங்கவில்லை. எனவே இரண்டாவதைப் பின்னர் பார்த்துக்கொள்ளலாமே என்ற ஆலோசனை எழுந்துள்ளது.

உடம்பைப் பார்த்துக்கொள். முழங்காலுக்கு ஒத்தடம் கொடு.

அன்புடன்,
அண்ணன்


ஜனவரி 20

அண்ணா,

வாலு எழுதறேன். நல்லா இருக்கேன். முழங்கால் வடிஞ்சிடுச்சு. லிஃப்ட் குழிக்குள்ள இறங்கும்போது இன்னொரு முழங்காலை இடிச்சுக்கிட்டேன், இப்போ அது வீங்கியிருக்கு. ஒரு கால் எப்பவும் நல்லா இருக்கு, அதுவே போதும். அண்ணியைக் கேட்டதா சொல்லு. பித்தான் அறுந்தா நான் வந்து தைச்சுத் தரேன்னு சொல்லு.

உன் கடிதத்தை ரெண்டு தடவை படிச்சேன். "ஆலோசனை எழுந்துள்ளது"ன்னு எழுதியிருக்க. தானா எழுந்துச்சா, இல்ல யாராவது தட்டி எழுப்பினாங்களா?

தாளுக்கு ரெண்டு பக்கம் இருக்கே அண்ணா. திருப்பி எழுதினா என்ன? எழுத்தைக் கொஞ்சம் பொடியாக்கினா என்ன? படிக்கறவருக்குக் கண்ணு தெரியலைன்னா ஒரு கண்ணாடி வாங்கிக் கொடுங்க.

எனக்கு வேலையெல்லாம் வழக்கம்போலத்தான் போகுது. சொல்ல ஒண்ணும் இல்ல.

முதுகுக்குத் தலகாணி வெச்சுக்கோ.

வாலு


பிப்ரவரி 2

அன்புள்ள தங்கைக்கு,

நலம், நலமறிய ஆவல். இரண்டாவது முழங்கால் பற்றி அறிந்து வருந்தினேன்.

படிவத்தின் பின்பக்கம் "அலுவலக உபயோகத்திற்கு மட்டும்" என்று அச்சிடப்பட்டிருப்பதால் அதில் எழுத இயலாது என்பதைத் தெரிவித்துக்கொள்கிறேன். மேலும், எழுத்தின் அளவைக் குறைப்பது மனுவின் கண்ணியத்தைக் குறைக்கும் என்று கருதப்பட்டது.

சென்ற ஞாயிறன்று தீர்மானம் வாக்கெடுப்புக்கு விடப்பட்டது. "கோரிக்கை எண் இரண்டு, உரிய தருணம் கனியும்வரை ஒத்திவைக்கப்படுகிறது." ஆதரவாக ஏழு, எதிராக ஆறு, நடுநிலை ஒன்று. கூட்டம் சுமுகமாக நிறைவுற்றது. பெரியக்கா தேநீர் அருந்தாமல் கிளம்பிவிட்டார். அவருக்கு வேலை இருந்திருக்கலாம். டிரைவர் தம்பியும் கிளம்பினார். அவருக்கும் வேலை இருந்திருக்கலாம்.

மீன் தொட்டிக்குப் புதிதாக ஒரு மீன் வாங்கியுள்ளோம். ஆரஞ்சு நிறம்.

நலத்துடன் இருக்க வாழ்த்தும்,
அண்ணன்


பிப்ரவரி 9

அண்ணா,

கால் பரவாயில்ல. மீன் எப்படி இருக்கு?

ஒரு விஷயம் உனக்கு யாரும் சொன்னதில்லன்னு நினைக்கறேன், நான் சொல்றேன். பொய் சொல்லும்போதுதான் உன் தமிழ் சுத்தமாகும். எட்டாம் கிளாஸ்ல பக்கத்து வீட்டு ஜன்னலை நீ உடைச்சப்போ, அப்பா கேட்டதுக்கு என்ன சொன்ன ஞாபகம் இருக்கா? "கண்ணாடி உடைந்த நிலையில் காணப்படுகிறது." அப்பா அடிக்க வந்தவர் சிரிச்சிட்டார். நான் சிரிக்கல, பந்து என்னோடது.

இப்போ நேரா கேட்கறேன். ஏழு பேர் கை தூக்கினாங்கன்னு எழுதியிருக்க. உன் கை எங்கே இருந்துச்சு?

பதில் போடு. உடம்பு முக்கியம்.

வாலு


மார்ச் 6

அன்புத் தங்கச்சி,

அண்ணி எழுதறேன் (மீசையோடதான்). நல்லா இருக்கியாம்மா? நான் நல்லா இருக்கேன். மூணு பித்தான் போயிடுச்சு.

நாலு வாரமா உங்க அண்ணன் உனக்குப் பதில் எழுதலைன்னு தெரியும். தினமும் காலையில உன் கடிதத்தை எடுக்கறார், "அன்புள்ள தங்கைக்கு"ன்னு எழுதறார், பேனாவை மூடி வெச்சிட்டுப் பல்லு பிடுங்கப் போயிடறார். அவர்தான் சொல்லணும், நான் சொன்னா நல்லா இருக்காதுன்னு பார்த்தேன். ஆனா நான் நாலு மணிக்கே எழுந்து மாவு பிசையறவன், எனக்குப் பொறுமை கம்மி.

அந்தத் தீர்மானத்தை எழுதினது யாருன்னு நான் சொல்ல மாட்டேன். "உரிய தருணம் கனியும்வரை"ன்னு எங்க ஊர்ல வேற யாருக்கு எழுத வரும்னு நீயே யோசிச்சுக்கோ.

அந்த நடுநிலை ஒண்ணு நான்தான். அவரை எதிர்த்துக் கை தூக்கவும் மனசு வரல, அவரோட சேர்ந்து தூக்கவும் மனசு வரல. ரெண்டு கையையும் பாக்கெட்ல விட்டுக்கிட்டேன். இப்போ வெட்கமா இருக்கு.

அதுக்கப்புறம் நடந்ததைக் கேளு. பெரியக்கா சண்டை போடல, சத்தம் போடல. அடுத்த ஞாயிறு நாலு பேரும் லாண்டரிக் கடையில உட்கார்ந்துக்கிட்டாங்க. அதுக்கு அடுத்த ஞாயிறு நாய் டாக்டரம்மாவும் அவங்க வீட்டம்மாவும் அங்கே போயிட்டாங்க. அங்கே வாய்விட்டுப் பேசலாம், கூட்டக் குறிப்பு கிடையாது, ஸ்திரி பெட்டிச் சூடு வேற. மூணாவது ஞாயிறு நான் பன் எடுத்துக்கிட்டுப் போனேன். போனா, நம்ம ஆம்பளைங்க அஞ்சு பேர் எனக்கு முன்னாடியே உட்கார்ந்திருக்காங்க. ஒருத்தரை ஒருத்தர் பார்த்து, "நீங்களுமா?"ன்னு கேட்டுக்கிட்டோம்.

இப்போ கிளினிக்ல மிச்சம் உங்க அண்ணனும் தலைவரும்தான். கூட்டம் செல்லணும்னா குறைஞ்சது அஞ்சு பேர் இருக்கணுமாம். தொட்டியில மூணு மீன் இருக்கு, கணக்குச் சரியா வருது.

ஞாயிறு சாயங்காலம் வீட்டுக்கு வந்தா, "கூட்டம் எப்படி?"ன்னு நான் கேட்பேன். "சிறப்பு"ன்னு சொல்வார். "நீ எங்கே போயிருந்தே?"ன்னு அவர் கேட்பார். "சட்டை ஸ்திரி போட"ன்னு சொல்வேன். ஒரு சட்டையை மூணு மணி நேரம் ஸ்திரி போட்டிருக்கேன். போட்டிருக்கற சட்டை கசங்கித்தான் இருக்கும், அவரும் பார்ப்பார்.

நீ நல்லா சாப்பிடு.

அண்ணி


மார்ச் 12

அன்புள்ள தங்கைக்கு,

நலம். உன் நலம் விழைகிறேன். பணிச்சுமை காரணமாகப் பதில் எழுதத் தாமதம் ஏற்பட்டுவிட்டது.

சங்கப் பணிகள் செவ்வனே நடைபெறுகின்றன. சென்ற ஞாயிற்றுக் கூட்டம் நெருக்கமான சூழலில் நடைபெற்றது. கருத்து வேறுபாடு ஏதும் எழவில்லை. தலைவர் பேசினார், நான் வழிமொழிந்தேன். பின்னர் நான் பேசினேன், தலைவர் வழிமொழிந்தார்.

முதுகுவலி சற்று அதிகம்.

அண்ணன்


மார்ச் 20

அண்ணா,

நல்லா இருக்கேன்னு எழுதித்தான் பழக்கம். இந்தத் தடவை அதை எழுதல.

நீ மறைச்சேன்னு கோபமா உட்கார்ந்தேன். யோசிச்சா, நானும்தான் மறைச்சிருக்கேன். "வேலை வழக்கம்போல"ன்னு எழுதினேன்ல? பொய்.

என் லிஃப்ட் மெக்கானிக் லைசென்ஸ் போன செப்டம்பர்ல காலாவதி ஆச்சு. புதுப்பிக்கப் போனேன். கவுன்டர்ல இருந்தவர் லைசென்ஸைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், "அவரையே நேர்ல வரச் சொல்லும்மா"ன்னார். "வந்தாச்சு சார்"னேன். "எங்கே?"ன்னு எனக்குப் பின்னாடி எட்டிப் பார்த்தார். நானும் திரும்பிப் பார்த்தேன். என்னவோ ஒரு ஆசை, ஒருவேளை வந்திருப்பானோன்னு.

பிறப்புப் பதிவு மாறினாத்தான் லைசென்ஸ் மாறும்னுட்டார். பதிவு எங்கே இருக்கு? உங்க ஊர் நகராட்சியில, நாம பிறந்த ஊர்லதான். அங்கே மாத்த என்னென்ன கேட்கறாங்கன்னு உனக்கே தெரியும். நீதானே அதைக் கோரிக்கை எண் ரெண்டுன்னு அழகா எழுதின.

ஆறு மாசமா நான் உதவியாளா இருக்கேன். நான் தொழில் கத்துக்கொடுத்தவர், ரெண்டு பிள்ளைக்கு அப்பா, இப்போ அவர் கையெழுத்துப் போடறார், நான் ஸ்பேனர் எடுத்துக் கொடுக்கறேன். பாவம், அவருக்குத்தான் என்னைவிடக் கூச்சம். "மேடம், தப்பா நினைக்காதீங்க, அந்தப் பன்னிரண்டாம் நம்பர்..."னு இழுப்பார். ஒரு நட்டு கழட்டறதுக்குள்ள ரெண்டு தடவை மன்னிப்புக் கேட்பார்.

இன்னொண்ணும் சொல்லிடறேன். பத்து வருஷம் முன்னாடி, நீ வீட்ல உன்னைப் பத்திச் சொல்லி அப்பா ரெண்டு நாள் சாப்பிடாம இருந்தார் இல்லையா, அதுக்கு அடுத்த மாசம் பஸ் ஸ்டாப்ல நின்னு உன்கிட்ட நான் பொண்ணுன்னு சொன்னேன். முதல்ல உன்கிட்டதான் சொன்னேன். என் கையைப் பிடிச்சுக்கிட்ட. அழுத. அப்புறம், "ஒரே வருஷத்துல வீட்டுக்கு ரெண்டு இடி வேணாம். நான் சொன்னதையே அவங்க இன்னும் முழுங்கல. ஒரு வருஷம் பொறுத்துக்கோ"ன்ன. பஸ் வந்துச்சு, ஏறிட்டோம்.

அந்த ஒரு வருஷம் மூணு வருஷமாச்சு. நீ கெட்ட மனசோட சொல்லல, அது எனக்குத் தெரியும். அதனாலதான் உன் மேல கோபப்படக்கூட முடியல. உனக்கு இனிப் பெண் தேட முடியாதுன்னு ஆனதும் வீட்டு மொத்த ஆசையும் என் தலையில வந்து விழுந்துச்சு. எனக்குப் பெண் தேடினாங்க. மூணாவதா வந்த பொண்ணு போட்டிருந்த கம்மல் அவ்வளவு அழகு. எங்கே வாங்கினீங்கன்னு கேட்டேன். பையன் வாயைத் திறந்துட்டானேன்னு அம்மாவுக்கு அவ்வளவு சந்தோஷம். அம்மா சந்தோஷத்தைப் பார்த்துட்டு நான் குளியலறைக்குள்ள போய்க் குழாயைத் திறந்துவிட்டுட்டு உட்கார்ந்திருந்தேன்.

உன்கிட்ட இதைச் சொன்னதில்ல. நீ அப்போ அண்ணியைப் பார்த்து ஒரே பறப்பா இருந்த, அதைக் கெடுக்க வேணாம்னு நினைச்சேன்.

பொறுன்னு சொல்றவங்க யாரும் எதுவரைக்கும்னு சொல்றதில்ல அண்ணா. "தருணம் கனியும்வரை"ன்னு எழுதிட்டா அது தேதி ஆயிடாது.

இதுக்குப் பதில் அவசரமா வேணாம். சுத்தத் தமிழ்ல வேணவே வேணாம்.

வாலு


ஏப்ரல் 18

அன்புத் தங்கச்சி,

சௌக்கியமா? நான் சௌக்கியம். உங்க அண்ணன் உயிரோடதான் இருக்கார், அதைச் சொல்லத்தான் எழுதறேன்.

உன் கடிதம் கிளினிக்குக்கு வந்துச்சு. மத்தியானம் சாப்பிட வரலையேன்னு போய்ப் பார்த்தேன். நோயாளி நாற்காலியில படுத்திருந்தார். அந்தப் பெரிய விளக்கை முகத்துக்கு நேரா போட்டுக்கிட்டு, கண்ணு கொட்டாம. மார் மேல உன் கடிதம். வெளியே ரெண்டு பேர் கன்னத்தைப் பிடிச்சுக்கிட்டு உட்கார்ந்திருந்தாங்க. "டாக்டருக்கே வலியாம், நாளைக்கு வாங்க"ன்னு அனுப்பி வெச்சேன்.

பஸ் ஸ்டாப் விஷயம் எனக்கும் இத்தனை வருஷமா தெரியாதும்மா. அன்னிக்குத்தான் சொன்னார். ஞாயிறு வந்தா கிளினிக்கைப் பூட்டிட்டு நடக்கப் போறார். லாண்டரித் தெரு முனை வரைக்கும் போறார், திரும்பி வந்துடறார். ரெண்டு ஞாயிறா டிரைவர் தம்பி பஸ்லேர்ந்து பார்த்துட்டுச் சொன்னார். "ஹாரன் அடிச்சேன், ஓடிட்டார்"னார்.

கொஞ்சம் பொறு... ஐயோ, அந்த வார்த்தையை எழுதிட்டேனே. அடிச்சிடறேன். எழுதுவார்னு மட்டும் சொல்றேன்.

அண்ணி


மே 5

வாலு,

எப்படி இருக்க? காலெல்லாம் எப்படி இருக்கு? எனக்கு முதுகு வலிக்குது, நிஜமாவே வலிக்குது, காரணம் அப்புறம் சொல்றேன்.

நான்தான். எழுதினது நான், முன்மொழிஞ்சது நான், முதல்ல கை தூக்கினதும் நான். தலைவர் என் கையைப் பார்த்துட்டுத்தான் தூக்கினார்.

கவுன்சிலர் ஜனவரியில பல்லு கட்டிக்க வந்தார். "உங்க ஜோடிகளைப் பதிவு பண்றது ஒண்ணும் பெரிய விஷயம் இல்ல டாக்டர். அந்த இன்னொண்ணுதான் பேச்சு வாங்கும், அதை எடுத்துட்டா முடிச்சுடலாம்"னார். அந்த நிமிஷம் எனக்குப் பேராசை வந்துடுச்சு. போன வருஷம் உன் அண்ணியை மூச்சுத்திணறல்னு ஆஸ்பத்திரியில சேர்த்தோம்ல? உள்ளே விடும்போது "நீங்க யாரு?"ன்னு கேட்டாங்க. பயத்துல "பக்கத்து வீடு"ன்னு சொல்லிட்டேன். பக்கத்து வீடெல்லாம் வெளியே நில்லுங்கன்னாங்க. நாலு மணி நேரம் நின்னேன். இதை அவன்கிட்டயே நான் சொல்லல. ஒரு தாள் இருந்தா உள்ளே விட்டிருப்பாங்களேன்னுதான் மனசு முழுக்க. காரணம் சொல்றேன், நியாயம் சொல்லல. எனக்குக் கதவு திறக்கணும்னு உன்னை மறுபடியும் வெளியே நிறுத்தினேன். ரெண்டாவது தடவை.

போன ஞாயிறு தெரு முனையோட திரும்பல. தலைவரையும் கூட்டிக்கிட்டுக் கடைக்குள்ள போயிட்டேன். உன் அண்ணி வாயில பன்னோட என்னைப் பார்த்தான். கையில சட்டைகூட இல்ல.

பெரியக்கா ஹோட்டல் படுக்கை விரிப்பெல்லாம் மடிச்சுக்கிட்டிருந்தாங்க. என்னைப் பார்த்து, "டாக்டர், அந்த முனையைப் பிடிங்க"ன்னாங்க. பிடிச்சேன். மடிச்சோம். அடுத்தது. அரை மணி நேரம், நாற்பது விரிப்பு. முதுகுவலிக்குக் காரணம் அதுதான்.

கடைசியா நானே, "மன்னிச்சிடுங்க"ன்னேன்.

"எதுக்கு?"

"அந்தத் தீர்மானத்துக்கு."

"தமிழ் நல்லாத்தான் இருந்துச்சு. பாதி புரியல. புரிஞ்ச பாதிதான் வலிச்சுது"ன்னாங்க.

அப்புறம் தலைவர் பக்கம் திரும்பினாங்க. பதினோரு வருஷம் முன்னாடி, சங்கமெல்லாம் வர்றதுக்கு முன்ன, பூங்காவுல நம்ம ஆளுங்க ஏழு பேரைப் போலீஸ் பிடிச்சிட்டுப் போனதாம். தலைவரும் அதுல ஒருத்தர். காலையிலேர்ந்து சாயங்காலம் வரைக்கும் பெரியக்கா ஸ்டேஷன் பெஞ்சுல உட்கார்ந்திருந்தாங்களாம். எனக்கு இது தெரியாது. செயலாளர்னு பேரு.

"உங்களுக்கு நல்ல உத்தியோகம்னு உங்களை மட்டும் விட்டுடறோம், மத்தவங்க அப்புறம்னு போலீஸ்காரங்க சொன்னாங்க. நான் ஒத்துக்கிட்டேனா சார்? ஏழு பேரும் வந்தாத்தான் நகருவேன்னு உட்காரலையா?"

தலைவர் பக்கத்துல இருந்த விரிப்பை எடுத்து முகத்தை மூடிக்கிட்டுக் குலுங்கிக் குலுங்கி அழுதார். பெரியக்கா கொஞ்ச நேரம் விட்டுட்டு, "சார், அது ஹோட்டலோடது. மூக்கு சிந்திடாதீங்க, மறுபடி வெளுக்கணும்"னாங்க. அவர் அழுகையோட சிரிச்சார், எல்லாரும் சிரிச்சோம்.

அதுக்கப்புறம் மனு. ஒரு பக்கத்துல அடங்கலையேன்னு நான் ஆரம்பிச்சேன். டிரைவர் தம்பி சட்டைப் பையிலேர்ந்து ஒரு தாளை எடுத்தார். "கவுன்டர்ல கேட்டேன் டாக்டர். 'கூடுதல் தாள் இணைக்கலாமே, படிவத்துக்குக் கீழேயே போட்டிருக்கே'ன்னாங்க. நீங்க கேட்கலையா?" நான் கேட்கல வாலு. கேட்டா ஆமான்னு சொல்லிடுவாங்களோன்னுதான் கேட்கல.

பதினாலு பேரும் கையெழுத்துப் போட்டாச்சு. ரெண்டு கோரிக்கையும் இருக்கு.

உன்கிட்ட மன்னிப்பு எப்படிக் கேட்கறதுன்னு தெரியல. எத்தனையோ தாளைக் கிழிச்சுட்டேன். இது கிழிக்காதது.

அண்ணன்


மே 14

அண்ணா,

நான் நல்லா இருக்கேன். இந்தத் தடவை நிஜமா.

உன் கடிதத்தை லிஃப்ட் மேல உட்கார்ந்து படிச்சேன். நாலாவது மாடிக்கும் அஞ்சாவது மாடிக்கும் நடுவுல. "மேடம், ஸ்பேனர்"னு கீழேர்ந்து மூணு தடவை கூப்பிட்டாராம், எனக்குக் கேட்கல. அவரே பயந்து மேல வந்துட்டார்.

உடனே மன்னிச்சுட்டேன்னு எழுதினா அது பொய். கோபம் இன்னும் கொஞ்சம் இருக்கு. அது பாட்டுக்கு இருக்கட்டும், தானா வடியும்.

ஆஸ்பத்திரி வாசல்ல நாலு மணி நேரம் நின்னதை என்கிட்ட சொல்லியிருக்கலாமே அண்ணா. ஓடி வந்திருப்பேனே. "நான் நாத்தனார், வழி விடுங்க"ன்னு சொல்லியிருந்தா, அந்தக் குழப்பம் தீர்றதுக்குள்ள ரெண்டு பேரும் உள்ளே போயிருக்கலாம்.

அண்ணிகிட்டயும் அதைச் சொல்லிடு. பெரியக்காவுக்கு என் வணக்கம். முதுகுக்குத் தைலம் தேய்க்கச் சொல்லு.

வாலு


ஜூன் 27

வாலு,

நல்லா இருக்கியா? இங்கே எல்லாரும் நல்லா இருக்கோம். அண்ணிகிட்ட சொல்லிட்டேன். ஒரு நாள் பூரா "பக்கத்து வீடு, டீ வேணுமா?"ன்னே கூப்பிட்டான். ராத்திரிச் சாப்பாட்டுக்கு அப்புறம் கையைப் பிடிச்சுக்கிட்டான்.

நேத்து நகராட்சிக் கூட்டம். பதினாலு பேரும் பார்வையாளர் பெஞ்சுல. கோரிக்கை ஒண்ணை ஆய்வுக் குழுவுக்கு அனுப்பிட்டாங்க. நம்பவே மாட்ட, கோரிக்கை ரெண்டு நிறைவேறிடுச்சு!

யாராலன்னு நினைக்கற? பதிவேட்டு எழுத்தரால. மூக்குக் கண்ணாடி, ஒல்லியான மனுஷர். எழுந்து நின்னு, "ஐயா, அந்தச் சான்றும் உத்தரவும் சரிபார்க்க ஒரு கோப்புக்கு மூணு மாசம் ஆகுது. உறவினர் ரெண்டு பேர் உறுதிமொழி போதும்னு வெச்சா என் மேஜை காலியாகும்"னார். மேஜை காலியாகும்னதும் ஒருத்தருக்கும் எதிர்க்கத் தோணல. பேச்சு வாங்கும்னு சொன்ன கவுன்சிலர்தான் எல்லாரையும்விட பலமா மேஜையைத் தட்டினார். நான் கட்டின பல்லு தெரியச் சிரிச்சார்.

வெளியே வந்ததும் தலைவர் முகம் வெளுத்துப் போச்சு. பெரியக்காகிட்ட போய், "உங்க வேலை முடிஞ்சுது. இனிமே... ஞாயித்துக்கிழமை... வருவீங்களா?"ன்னு கேட்டார். அந்தக் கேள்வியைத் தலைவர் கேட்பார்னு ஆறு மாசம் முன்ன சொல்லியிருந்தா நான் நம்பியிருக்க மாட்டேன்.

"என் கடைக்கு நான் வராம யார் வருவா?"ன்னாங்க பெரியக்கா. "உங்க ஆய்வுக் குழு என்னன்னு நாளைக்கே போய்க் கேட்போம். தேதி போட்டுத் தரச் சொல்லுங்க. வாய்வார்த்தையா விடாதீங்க."

உனக்குப் படிவம் வாங்கிட்டேன். உறவினர் உறுதிமொழி ரெண்டு. அம்மா ஒண்ணு எழுதிட்டா. இன்னொண்ணு நான். கேட்ட கேள்விக்கெல்லாம் பதில் எழுதி உறையில போட்டு ஒட்டி வெச்சிருக்கேன். நீ வந்து நேரா கவுன்டர்ல கொடுத்தா போதும்.

அண்ணி உன் அறையைச் சுத்தம் பண்றான். உடம்பைப் பார்த்துக்கோ.

அண்ணன்


ஜூலை 16

அண்ணா,

பத்திரமா வந்து சேர்ந்துட்டேன். அண்ணி கட்டிக் கொடுத்த கேக்குல பாதியை ரயில்ல எதிர் சீட்டுக் குடும்பம் தின்னுடுச்சு, மீதியை நான். எல்லாரும் சௌக்கியமா இருப்பீங்கன்னு நம்பறேன்.

கவுன்டர்ல நடந்ததை உன்கிட்ட சொல்லல. நீ வெளியே தலைவரோட நின்னுக்கிட்டிருந்த. அப்புறம் வீட்ல கூட்டம். ஸ்டேஷன்ல சொல்லலாம்னு பார்த்தேன், நீ முதுகுவலியைப் பத்தி ஆரம்பிச்சுட்ட, ரயில் கிளம்பற வரைக்கும் முடிக்கல.

எழுத்தர் ரெண்டு உறையையும் பிரிச்சார். படிச்சார். மூக்குக் கண்ணாடியைக் கழட்டித் துடைச்சுட்டு மறுபடியும் படிச்சார். "ஒரு முரண் இருக்கேம்மா"ன்னார்.

"அஞ்சாவது கேள்வி. விண்ணப்பதாரரைப் பெண்ணாக எத்தனை ஆண்டுகளாக அறிவீர்கள்? உங்கம்மா ஏழுன்னு போட்டிருக்காங்க. அண்ணன் பத்துன்னு போட்டிருக்கார். எது சரி?"

தாளைத் திருப்பி என் பக்கம் வெச்சார். உன் கையெழுத்து. மருந்துச் சீட்டுல கிறுக்கற மாதிரி இல்லாம, நிறுத்தி, பத்துன்னு எண்ணாலயும் எழுத்தாலயும் எழுதியிருந்த.

நான் அந்தப் பத்தையே விரலால தடவிக்கிட்டு நின்னேன். அவர் பாவம், நான் கோபமா இருக்கேன்னு நினைச்சு, "அடிச்சுத் திருத்திக்கலாம்மா, ஒண்ணும் பிரச்னை இல்ல"ன்னார்.

"திருத்த வேணாம் சார், ரெண்டும் சரிதான். அண்ணனுக்கு முன்னாடியே தெரியும்"னேன்.

"அப்போ பத்துன்னே பதிஞ்சுடறேன்"னு எழுதிக்கிட்டார். அடுத்த டோக்கனைக் கூப்பிட்டார்.

லைசென்ஸ் வர்ற மாசம் வந்துடும். நம்ம ஸ்பேனர்க்காரர் இப்பவே நிம்மதியா இருக்கார். ஆய்வுக் குழு எப்போ கூடுதுன்னு எழுது, லீவு சொல்லணும். பார்வையாளர் பெஞ்சுல எனக்கும் ஒரு இடம் பிடிச்சு வை.

அண்ணிக்கும் பெரியக்காவுக்கும் என் அன்பு. நீ தைலம் தேய்ச்சுக்கோ அண்ணா.

உன் தங்கை